ராஜாவுக்கும் அவனுக்கும் ஒரே பெயர்

புதுக் காடாத் துணியை முதல் முறை தண்ணீரில் முக்கும்போது ஒரு வாசம் எழும். கஞ்சி, பருத்திக்கொட்டை, எங்கோ ஒரு மூலையில் மண்ணெண்ணெய். பசித்த வீட்டின் வாசம் என்று நான் அதற்குப் பெயர் வைத்திருக்கிறேன்.

நேற்று கீழ்வீட்டில் ஜன்னல் திரைக்காகக் காடா வாங்கி வந்து பக்கெட்டில் ஊறப்போட்டிருந்தார்கள். மாடிப்படி ஏறிக்கொண்டிருந்த எனக்குக் கால் நின்றுவிட்டது. யாரோ என் பெயரைச் சொல்லிக் கூப்பிட்ட மாதிரி இருந்தது. நான் திரும்பிப் பார்க்கவில்லை. அப்படித் திரும்பாமல் இருக்கக் கற்றுக்கொண்டது பிள்ளைப்பாக்கத்தில்.

கறுப்பு மணல். அதன் மேல் ஈரக் காடா சுற்றிய ஓர் ஆள். நூலை இழுத்ததும் காடா இரண்டாகப் பிளந்து, உள்ளே சிவப்பு வெல்வெட்டும் சரிகையும் அந்தி வெளிச்சத்தில் பளீரென்று எரிகிறது. உடுப்பு எழுந்துவிட்டது. ஆள் எழவில்லை.

போன வாரம் அட்டைக் கிரீடங்களைப் பற்றி எழுதியதைப் படித்துவிட்டு ஒரு வாசகி கேட்டிருந்தார்: "இத்தனை ராஜாக்களுக்கு உடுத்திவிட்டீர்களே, ஒருவராவது நிஜ ராஜா மாதிரி இருந்தாரா?"

இருந்தார் அம்மா. ஒரே ஒருவர். ஒரு வசனம் சொல்லி முடிக்கிற நேரத்துக்கு.

உடம்போடு தைப்பது

அதற்கு முன்னால் எங்கள் தொழிலின் ஒரு வழக்கத்தைச் சொல்லிவிட வேண்டும்.

போட்டிருக்கிற துணியை உடம்போடு வைத்துத் தைக்கக் கூடாது என்பது நம் வீடுகளில் எல்லோருக்கும் தெரியும். தைத்தால் அம்மாக்கள் கையில் அடிப்பார்கள். பிணத்துக்குத்தான் அப்படி என்பார்கள். ஆனால் நாடகத்தில் தைக்காமல் முடியுமா? மணி அடித்து, திரை பாதி ஏறிய பிறகுதான் மந்திரியின் இடுப்பு கிழியும்.

அதற்கு நாடகக்காரர்கள் ஒரு வழி வைத்திருந்தார்கள். ஊசி ஓடி முடிகிற வரை நடிகர் தன் வேஷத்தின் பெயரை வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும். "நான் மந்திரி, நான் மந்திரி." ஊசி யாரைத் தேடி வந்தாலும் அதற்கு மந்திரிதான் அகப்படுவார். ஆள் தப்பித்துக்கொள்வான்.

நான் ஞானஸ்நானம் வாங்கியவள். ஜெபமாலை உருட்டுகிறவள். ஆனாலும் அதைச் சொல்லவைக்காமல் யார் உடம்பிலும் ஊசி போட்டதில்லை.

ஏனென்றால் உடுப்பு ஆளைப் பிடித்துக்கொள்ளும். கண்ணால் பார்த்திருக்கிறேன். ஒரு கணக்கப்பிள்ளை இன்ஸ்பெக்டர் வேஷம் கட்டினார். நாடகம் முடிந்ததும் உடுப்பைக் கழற்றாமல் பூந்தமல்லி சாலைக்கு டீ குடிக்கப் போனார். ஒரு லாரி வந்தது. சும்மா கையைக் காட்டினார். லாரி நின்றது. டிரைவர் இறங்கிக் கும்பிட்டான். சிரித்துவிட்டுப் போகவேண்டிய மனிதர், "பர்மிட் எங்கேடா?" என்றார்.

மறுநாள் உடுப்பைத் திருப்பிக் கொடுக்க வந்தபோது, "அது நான் கேக்கலம்மா" என்றார். வேடிக்கையாகச் சொல்லி வேடிக்கையாகவே கேட்டுக்கொண்டோம். அந்த ஆள் பிறகு வேஷமே கட்டவில்லை.

வேஷத்துக்கும் ஆளுக்கும் நடுவே ஒரு நூல் இடம் இருக்க வேண்டும். காற்று போகிற அளவு. அந்த இடத்தை வெட்டி வைப்பதுதான் என் வேலை என்று நினைத்துக்கொள்வேன். துணி வெட்டுவதெல்லாம் அதற்கு அப்புறம்.

பவுண்டரி நாடகம்

எழுபதுகளின் பிற்பாதி. ஓரிடத்தில் நிற்காத கால் எனக்கு. மதராஸ் சபாக்களோடு சண்டை போட்டுக்கொண்டு, தையல் மெஷினையும் டிரங்குப் பெட்டிகளையும் தூக்கிக்கொண்டு ஸ்ரீபெரும்புதூருக்கு வந்திருந்தேன். பெங்களூர் சாலையிலிருந்து பிரிகிற ஒரு சந்தில் ஒற்றை அறை. சுற்றுவட்டாரத்துப் பள்ளிக்கூட விழா, கோயில் நாடகம், மாதா கோயில் நாடகம் எல்லாவற்றுக்கும் உடுப்பு என்னிடமிருந்துதான் போகும்.

பிள்ளைப்பாக்கத்துப் பக்கம் அப்போது ஒரு பவுண்டரி வந்திருந்தது. இரும்பை உருக்கி, மணல் அச்சில் ஊற்றி வார்க்கிற இடம். நேற்று வரை நெல் நாற்றுப் பிடித்த கைகள் அங்கே ஷிப்டுக்குப் போயின. ஆயுத பூஜைக்கு மெஷினையெல்லாம் நிறுத்தி, மாலை போட்டு, சாயங்காலம் வார்ப்புக் கொட்டகையிலேயே நாடகம் போடுவது என்று முடிவாயிற்று.

எழுதி இயக்கியவர் லைன் சூப்பர்வைசர் தனபால். நல்ல மனிதர். தொண்டை மட்டும் சங்கு மாதிரி. கதை இதுதான்: ராஜா ஒருவன் செத்துப்போகிறான். ராணி அழுகிறாள். வழிப்போக்கனாக ஒரு சித்தர் வந்து, ராஜாவின் பெயரை மூன்று முறை கூப்பிடுகிறார். மூன்றாவது கூப்பாட்டில் ராஜா எழுந்திருக்கிறான்.

சித்தர் தனபால். ராஜா ஏகாம்பரம். மணல் அச்சு பிடிக்கிற மோல்டிங்கில் வேலை செய்கிறவன், நெடுநெடுவென்று உயரம், பிள்ளைப்பாக்கத்து விவசாயக் குடும்பம். ராணி அவன் மச்சான் கன்னியப்பன், அதாவது ஏகாம்பரத்தின் மனைவி பச்சையம்மாவின் தம்பி. மணிமங்கலத்துப் பையன், பவுண்டரி கேன்டீனில் வேலை, மீசை இன்னும் சரியாக வராததால் ராணி.

அளவு எடுக்கப் போன அன்று ஒத்திகை நடந்துகொண்டிருந்தது. ராஜாவுக்கு விசித்திரவர்மன் என்று பெயர் வைத்திருந்தார் தனபால்.

"விசித்திரவர்மா!" என்று கூவினார். ஏகாம்பரம் படுத்தே இருந்தான்.

"விசித்திரவர்மா!" அசைவில்லை.

"டேய், உன்னத்தாண்டா!"

"என்னியா சார்? வேற யாரியோன்னு நெனச்சிக்கினு கீறேன்."

சிரிப்பு. மறுபடி. மறுபடியும் அதேதான். அவன் குறும்புக்குச் செய்யவில்லை. அந்தப் பெயர் அவன் காதில் ஏறவே இல்லை.

"பேர மாத்திடு சார்," என்றான் எழுந்து உட்கார்ந்து. "எங்கப்பன் வெச்ச பேரச் சொல்லிக் கூப்புடு. பொணமா இருந்தாக்கூட எழுந்துப்பேன்."

"ஏகாம்பர மகாராஜாவா? நாறிப்பூடும்டா."

"ஏன், காஞ்சிபுரத்துல அந்தப் பேர்ல சாமியே கீதே. ராஜா இருக்கக் கூடாதா?"

தனபால் தலையில் அடித்துக்கொண்டார். ஆனால் மாற்றினார். அடுத்த கூப்பாட்டுக்கே ராஜா வில் தெறித்த மாதிரி எழுந்தார். கொட்டகை கைதட்டியது. நான் ஊசி டப்பாவை மூடிவைத்துவிட்டு நின்றேன். மேடையில் ஒருவன் தன் பெயரிலேயே சாவதை நான் அதுவரை பார்த்ததில்லை.

மாமரத்துச் சாமி

பச்சையம்மா சிறிய உருவம். பேசும்போது கண் பேசும். ராஜாவுக்கு உள்ளே போட ஒரு பழைய பனியன் வேண்டும் என்று அவர்கள் வீட்டுக்குப் போயிருந்தேன்.

"ராஜா பேரு என்னன்னு மாத்திட்டாங்க, தெரியுமா?" என்று வேண்டுமென்றே கேட்டேன்.

"தெரியும்" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"சொல்லு பாப்போம்."

"போங்கக்கா. காஞ்சிபுரத்துல மாமரத்தடில குந்திக்கினு கீதே, அந்த சாமி பேரு."

புருஷன் பெயரைச் சொன்னால் அவன் ஆயுசு குறையும் என்று நம்பி வளர்ந்தவள். ரேஷன் கடையில் குடும்பத் தலைவர் பெயர் கேட்டால் பின்னால் நிற்கிறவள்தான் சொல்ல வேண்டும். காஞ்சிபுரம் கோயிலுக்குப் போனால் சாமியைக்கூட "மாமரத்து சாமி, காப்பாத்து" என்றுதான் கும்பிடுவாளாம். சாமிக்குப் புரியும் என்றாள்.

புடவை வந்த விதம்

ராணி விதவையாகும் காட்சிக்கு என் டிரங்கில் ஒரு வெள்ளைப் புடவை இருந்தது. பல மேடை பார்த்தது. பல தடவை வெளுத்தது. சாவுக் காட்சிக்கு நான் புதுத்துணி கொடுப்பதே இல்லை. ராஜாவைச் சுற்றும் காடா ஒன்றுதான் விலக்கு, அதுவும் நனைத்துக் கஞ்சி போன பிறகுதான்.

ஆனால் கன்னியப்பன் என் புடவையை விரலால் தூக்கிப் பார்த்தான்.

"இன்னாக்கா இது, கைப்பிடித் துணி மாதிரி கீது. நான் ராணிக்கா."

யாரிடமும் சொல்லாமல் தாம்பரம் போய்ப் புதுப் புடவை எடுத்துவிட்டான். வெள்ளை வாயில் ரகம். வரும் வழியில் மழை. கடைக்காரர் சுற்றிக் கொடுத்த காகிதம் கரைந்துவிட்டது. புடவை சேறு படாமலிருக்க இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு பிள்ளைப்பாக்கத்தில் பஸ்ஸை விட்டு இறங்கினான், அக்காவிடம் காட்ட.

நினைத்துப் பாருங்கள். பிறந்த வீட்டிலிருந்து தம்பி வருகிறான். கையில் ஏந்திய புது வெள்ளைப் புடவை. புருஷன் செத்தால்தான் அப்படி வரும். கோடி என்பார்கள்.

டீக்கடையில் இருந்த பெரியவர் எழுந்து நின்று, தோளில் கிடந்த துண்டை இடுப்புக்கு இறக்கினார்.

"எப்பப்பா?" என்று மட்டும் கேட்டார்.

நாடகத்தைக் கேட்கிறார் என்று நினைத்த கன்னியப்பன் பல்லெல்லாம் தெரியச் சொன்னான்:

"ஆயுத பூஜை அன்னிக்கு சாய்ங்காலம், பெரீப்பா. எல்லாரும் வந்துடுங்கோ!"

இந்தப் பேச்சு அவனுக்கு முன்னால் தெருவுக்குள் போய்விட்டது. அவன் வீட்டு வாசலுக்கு வந்தபோது பச்சையம்மா நிலைப்படியில் நின்றுகொண்டிருந்தாள். புடவையைப் பார்த்தாள். கையை நீட்டவில்லை.

"எனக்குக்கா!" என்று அலறினானாம் கன்னியப்பன். "நான்தானே ராணி! நான்தானே தாலியறுக்கறேன்!"

"கத்தாதடா" என்றாள் அவள். அவ்வளவுதான்.

சாயங்காலம் இருவரும் என் அறைக்கு வந்தார்கள். புடவையைத் திருப்பி எடுத்துப் போகச் சொல்லிவிடலாமே என்றேன்.

"வந்த கோடி திரும்பிப் போவக்கூடாதுக்கா," என்றாள் பச்சையம்மா. "போனா ஆளக் கூட்டிக்கினு போவும்."

முந்தானை ஓரத்தில் மஞ்சள் தடவித் தரச் சொன்னாள். மஞ்சள் பட்டுவிட்டால் அது சுபத்துணி. கன்னியப்பன் முனகினான். "மஞ்சா பூசிக்கினு விதவையா? சனம் சிரிக்கும்." அவன் முதுகில் ஒன்று வைத்தாள். நான் தடவினேன். அவள் அதை முகர்ந்து பார்த்தாள். பிறகு என்னிடம், தம்பிக்குக் கேட்காமல்:

"அவங்கள எழுப்பிடுவாங்கல்லக்கா? நாடகத்துல? கண்டிப்பா எழுந்துக்குவாங்கல்ல?"

நூல்

அந்த ராஜாவுக்காக நான் ஒரு வித்தை செய்திருந்தேன். இன்றைக்கும் அதில் எனக்குப் பெருமை உண்டு.

உள்ளே வெல்வெட் அங்கி, மார்பு நிறையச் சரிகை. அதன் மேல் கழுத்திலிருந்து கால்வரை ஈரக் காடா, உடம்போடு ஒட்டச் சுற்றியது. எல்லாச் சுற்றையும் நெஞ்சிலிருந்து கால்வரை நேராக ஒரே ஓட்டுத் தையலில் பிடித்திருப்பேன். நூலின் நுனி சித்தர் கையில். மூன்றாவது கூப்பாட்டில் அவர் இழுத்தால், பிணத்துணி விதை வெடிப்பது போல் திறந்து ராஜா வெளியே வர வேண்டும்.

அதை உடம்போடுதான் தைக்க முடியும்.

ஆயுத பூஜை சாயங்காலம், நாடகம் தொடங்கக் கொஞ்சம் முன்னால். கொட்டகைக்குப் பின்னால் பலகையில் படுத்திருந்தான் ஏகாம்பரம். முந்தின நாள் டபுள் டூட்டி. கண் சிவந்து கிடந்தது. சந்தனமும் பொரியும் கரிப்புகையும் ஈரக் காடாவும் கலந்த வாசம்.

"சொல்லு," என்றேன். "தைச்சு முடிக்கிற வரைக்கும் நிறுத்தாதே."

"இன்னான்னு சொல்றது?"

"வேஷத்துப் பேரை."

"நான் ஏகாம்பரம்" என்றான். சிரித்துவிட்டான். "இன்னாக்கா இது, கேட்டாண்ட வாட்ச்மேனுக்குச் சொல்ற மாதிரி கீது."

"ராஜாவைச் சேத்துச் சொல்லு."

"நான் ஏகாம்பர ராஜா. நான் ஏகாம்பர ராஜா." கொஞ்ச தூரம் போனதும் அலுப்பில் ராஜா உதிர்ந்தது. "நான் ஏகாம்பரம். நான் ஏகாம்பரம்..." குரல் மங்கிக்கொண்டே வந்தது. ஊசி அடிவயிறு தாண்டியபோது உதடு மட்டும் அசைந்தது. நான் நூலைக் கடித்தேன். அவன் வாயிலிருந்து அந்தப் பெயர் இன்னும் ஒரே ஒரு முறை வந்தது. அவன் குரல் மாதிரியும் இருந்தது. கொஞ்சம் தள்ளி நிற்கிற யாரோ சொன்ன மாதிரியும் இருந்தது.

மூன்று கூப்பாடு

மெஷின்கள் மாலை போட்டுக்கொண்டு சும்மா நின்றன. ஓயாமல் இரைந்த இடம் வாயை மூடிக்கொண்டால் எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியுமா? அந்த மௌனம் காதை அழுத்தும். ஒரு பக்கம் பெண்கள், குழந்தைகள், மடியில் பொரியும் சுண்டலும். நடுவில் வார்ப்பு மணல் குவித்து மேடை. கறுப்பு, ஈரம், மாவு போல நைஸ். அதில் ராஜாவைக் கிடத்தியபோது மணல் அவன் உருவத்துக்குக் குழிந்து கொடுத்தது.

கன்னியப்பன் புதுப் புடவையில் மாரடித்து அழுதான். நன்றாகவே அழுதான். பெண்கள் பக்கம் சிரிப்பு நின்று மூக்குறிஞ்சும் சத்தம் வந்தது.

சித்தர் வந்தார்.

"ஏகாம்பரம்!"

தகரக் கூரை அதிர்ந்தது.

"ஏகாம்பரம்!"

வெளிச்சம் இறங்கிக்கொண்டிருந்தது. மேற்குப் பக்கத்துத் திறப்பு வழியாகச் சிவப்பு நீளமாக உள்ளே வந்தது.

"ஏகாம்பரம்!"

நூலை இழுத்தார். ஒரு இடத்திலும் சிக்கவில்லை. காடா இரண்டு பக்கமும் சரிந்தது. வெல்வெட் எரிந்தது. ஜனங்கள் ஆவென்றார்கள். கைதட்டல் கொட்டகையின் ஒரு மூலையில் தொடங்கிப் பாதியில் நின்றது.

அவன் எழுந்திருக்கவில்லை.

"டபுள் டூட்டி ராஜா தூங்குறாருடோய்!" என்று யாரோ கத்தினார்கள். சிரிப்பு. தனபால் தாடியை ஒரு கையால் பிடித்துக்கொண்டு குனிந்து, "டேய், எழுந்துரு" என்று பல்லைக் கடித்தார். பின்பு நிமிர்ந்து, எழுதாத நாலாவது கூப்பாட்டைக் கூப்பிட்டார். ஒன்றுமில்லை.

கன்னியப்பன் அழுதுகொண்டே நகர்ந்து வந்து அவன் பாதத்தைத் தொட்டான். ராணியின் அழுகை சட்டென்று அறுந்தது. ஆண் குரலில், சின்னப் பையன் குரலில், "மாமா?" என்றான்.

சிரிப்பு அடங்கிவிட்டது.

"அக்கா!" என்று பெண்கள் பக்கம் திரும்பிக் கத்தினான்.

பச்சையம்மா ஏற்கெனவே எழுந்துவிட்டிருந்தாள். பக்கத்தில் இருந்தவர்கள் முந்தானையைப் பிடித்தார்கள். உதறிவிட்டு வந்தாள். மணல் மேட்டில் ஏறி அவன் தலைமாட்டில் நின்றாள். தம்பி உடம்பிலிருந்த வெள்ளைப் புடவையை ஒரு முறை பார்த்தாள்.

என்ன நடந்துகொண்டிருந்தது என்று எனக்கு அப்போது புரிந்தது. கூப்பிட்டால் ஆயுசு குறையும். கூப்பிடாவிட்டால் ஆயுசே இல்லை. அந்தச் சிறிய முகத்தில் இரண்டும் முட்டிக்கொண்டு நின்றன.

திருவிழாவில் குழந்தையைத் தொலைத்தவள் கூப்பிடுவது போல, அடி வயிற்றிலிருந்து கூப்பிட்டாள்.

"ஏகாம்பரம்!"

வாழ்க்கையில் முதல் முறை. அந்தப் பெயர் அவள் வாயில் வேறு பெயராக இருந்தது.

அவன் கண்ணைத் திறந்தான். நிதானமாக எழுந்து உட்கார்ந்தான். முதுகு நேராக, கழுத்து நேராக. அந்த உட்காரலை நான் எத்தனையோ நடிகர்களிடம் கெஞ்சியிருக்கிறேன். ஒருவருக்கும் வந்ததில்லை. அவன் பச்சையம்மாவை நேராகப் பார்த்து, ஒத்திகையில் ஒரு நாளும் திக்காமல் சொல்லியிராத வசனத்தைத் தெளிவாகச் சொன்னான்:

"யாரம்மா நீ? எம்மை ஏன் அழைத்தாய்?"

கூரை பிய்ந்துபோகிற மாதிரி கைதட்டல். எல்லாம் நாடகம்தான், என்னமா ஏமாற்றிவிட்டார்கள் என்று ஒருவரை ஒருவர் முதுகில் தட்டிக்கொண்டார்கள். தனபால் வேர்வையைத் துடைத்துக்கொண்டு கும்பிட்டார்.

பச்சையம்மா மட்டும் கைதட்டவில்லை. அவன் எழுந்த இடத்தில் மணலில் அவன் உருவம் அச்சு மாதிரி அப்படியே பதிந்திருந்தது. தலை, தோள், குதிகால். காலால் அதைக் கலைத்தாள். முழுதும் கலைகிற வரை நிறுத்தவில்லை.

டோக்கன் நம்பர்

கார்த்திகை வாக்கில் தனபால் என் அறைக்கு வந்தார். உட்காரச் சொன்னேன். நின்றுகொண்டே இருந்தார்.

"டெய்லரம்மா, அந்தத் துணியில நூலு எதுனா மிச்சம் கீதா?"

"எல்லா நூலும் எடுத்தாச்சு சார். ஏன்?"

"பேரச் சொன்னா திரும்ப மாட்றாம்மா."

கையிலிருந்த துணியைக் கீழே வைத்தேன்.

"நேத்து கொதிக்கிற இரும்பு, வாளியில, இவன் முதுகுப் பக்கமா வருது. 'ஏகாம்பரம், ஒத்திப்போ!'ன்னு கத்தறேன். என் தொண்டைய உங்களுக்குத் தெரியும். நிக்கிறான், மரம் மாதிரி. ஓடிப்போயி இஸ்துத் தள்னேன். சட்டை பொசுங்கிப்போச்சு. காது நல்லாத்தான் கீது. டாக்டராண்ட காட்டிட்டோம். டோக்கன் நம்பரச் சொன்னா சடார்னு திரும்பறான். பேரச் சொன்னாதான் இல்ல. வேற யாரியோ கூப்புட்ற மாதிரி நின்னுக்கினு கீறான்."

"இப்ப?"

"லைன்ல எல்லாரையும் நம்பர் சொல்லிக் கூப்புடச் சொல்லிட்டேன். வேற இன்னா பண்றது? ஆளு உசுரோட இருக்கணுமில்ல."

போகும்போது வாசலில் நின்று, தனக்குத்தானே சொல்வது போல, "நான் பேர மாத்தியே இருக்கக்கூடாது" என்றார்.

தொட்டியடியில்

மறு வருஷம் கோடையில் நான் ஊரைக் காலி செய்தேன். மதராஸில் ஒரு நாடகக் குழு மறுபடி கூப்பிட்டிருந்தது. பெட்டிகளை ஏற்றி அனுப்பிவிட்டு, சொல்லிக்கொண்டு போகலாமென்று பிள்ளைப்பாக்கம் போனேன். அந்தி நேரம். பச்சையம்மா வாசல் தெளித்துக்கொண்டிருந்தாள். இளைத்திருந்தாள். முகத்தில் மட்டும் ஒரு பிடிவாதமான தெளிச்சி.

"நம்பர் சொல்லிக் கூப்பிடறாங்களாமே?" என்றேன்.

"கம்பெனில கூப்புடட்டும். நான் எதுக்குக்கா கூப்புடணும்? அது கம்பெனி குடுத்த நம்பரு."

தினமும் அவன் ஷிப்டு முடிந்து வந்து கொல்லைத் தொட்டியில் கைகால் கழுவுவான். முதுகைக் காட்டிக்கொண்டு நிற்பான். அவள் பின்னால் போய் நின்று பெயர் சொல்லிக் கூப்பிடுவாள். திரும்புகிற வரை கூப்பிடுவாள். திரும்பினால்தான் சோறு. ஊர் ஒன்றும் சும்மா இருக்கவில்லை. புருஷனைப் பெயர் சொல்லி ஏலம் போடுகிறாள் என்றார்கள். மாமியார் பேச்சை நிறுத்திவிட்டாள்.

"ஏசட்டும்," என்றாள் பச்சையம்மா. "மொதல்ல ராவு ஆயிடும், தொண்டை கட்டிக்கும். அவங்கோ பாட்டுக்கு நிப்பாங்கோ. நான் அளுவேன். இப்போ அப்படி இல்லக்கா. பாருங்க நீங்களே."

சைக்கிள் சத்தம் கேட்டது. ஏகாம்பரம் என்னைப் பார்த்து, "வாங்கக்கா" என்று சாதாரணமாகச் சிரித்தான். தொட்டிக்குப் போனான். மண்டியிட்டுக் குனிந்தான். தண்ணீர் அசைந்து, அடங்கி, வானத்து வெளிச்சத்தை வாங்கிக்கொண்டது. அவள் சத்தமில்லாமல் அவன் முதுகுக்குப் பின்னால் போய் நின்றாள்.

"ஏகாம்பரம்."

"ஆங்?" என்று திரும்பினான்.

அவள் என்னைப் பார்த்தாள். அந்த முகத்தை என்னால் எழுத முடியாது. "மொதல் தபாவே, பாத்தீங்களா? ஒரு மாசமா இப்படித்தான். வந்துட்டாங்கக்கா. எங்கூட்டுக்கு வந்துட்டாங்க."

கேழ்வரகுக் கூழும் கருவாடும் கொடுத்தாள். சாப்பிட்டோம். அவன் கன்னியப்பனையும் தனபாலையும் பற்றிப் பேசினான், ஜோக் அடித்தான். எனக்கு நெஞ்சில் இருந்த பாரம் இறங்கிவிட்டது.

பஸ் ஏற்றிவிட அவன்தான் கூட வந்தான். சாலையில் எங்கள் இருவரைத் தவிர யாருமில்லை. தூரத்தில் பஸ்ஸின் வெளிச்சம் தெரிந்தது.

"அப்பாடா," என்றேன். "பயந்தே போயிருந்தோம்பா. பேரைச் சொன்னதும் திரும்பிட்டியே."

அவன் பஸ் வரும் திசையையே பார்த்தான். பிறகு மெதுவாகச் சொன்னான்.

"அன்னிக்கு சார் கூப்டது எல்லாம் கேட்டிச்சிக்கா. ஒவ்வொரு தபாவும், நான் எழுந்துக்கறதுக்குள்ள வேற யாரோ எழுந்து போனாங்கோ. பச்சியம்மா கூப்டப்பவும் அப்டித்தான். நான் அங்கயே படுத்துக்கினு கீறேன்."

"அப்ப இன்னைக்கு, தொட்டியடியில?"

"பேரு இப்போ என் காதுல ஏறாதுக்கா. தண்ணில அவ நெழலு தெரியும். வாயி அசையறதப் பாத்துத் திரும்பிக்குவேன்."

பஸ் வந்து நின்றது. கண்டக்டர் அவசரப்படுத்தினார். ஏறிக்கொண்டே, எல்லோரும் சொல்வதைத்தான் சொன்னேன்.

"போயிட்டு வரேம்பா."

ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு இரண்டடி கூடவே நடந்தான்.

"நீங்க வந்துடுவீங்கக்கா. நான்தான் இன்னும் வரல. அவளாண்ட சொல்லிடாதீங்க."